மூடுபனிக் கிடங்கு

மீனுக்குச் செதில் சுரண்டிக்கொண்டிருந்த பெண்கள் எல்லாரும் ஒரே சமயத்தில் தலை நிமிர்ந்தார்கள். துறைமுகச் சங்கு ஊதிக்கொண்டிருந்தது. காலை பத்து மணிகூட ஆகவில்லை. ஐஸ் வண்டி தள்ளுகிறவன் மூச்சு வாங்கக் கொட்டகை வாசலில் வந்து நின்றான்.

"டிரைவர் வீட்டுக்காரம்மா எங்க? அந்தப் போட்டு வந்துடுச்சு. பனிக்குள்ள போன போட்டு!"

படகு என்ஜின் டிரைவரின் மனைவி கத்தியைக் கீழே வைத்தாள். ரப்பர் கையுறையைக் கழற்ற அவளுக்கு வரவில்லை. பக்கத்தில் நின்றவள்தான் விரல் விரலாக இழுத்து உருவிவிட்டாள்.

அந்தக் கடலில் சில இடங்களில் அப்படி ஒரு மூடுபனி இறங்கும். அதில் மாட்டிய படகில் எல்லாம் அப்படியே நின்றுவிடும்: என்ஜின், கடிகாரம், அடுப்பில் கொதிக்கிற தண்ணீர், மனிதர்களின் மூச்சு. பனி விலகியதும் விட்ட இடத்திலிருந்து தொடரும். உள்ளே இருந்தவர்களுக்குக் கண் இமைத்த நேரம். கரையில் மாதமோ வருஷமோ ஓடியிருக்கும். தேடிப் போகவும் வழியில்லை. போகிற படகும் சேர்ந்து நின்றுவிடும். டிரைவரின் படகு நின்று ஒன்பது வருஷம் ஆகியிருந்தது.

மகளைப் பள்ளிக்கூடத்திலிருந்து இழுத்துக்கொண்டு அவள் ஓடியபோது துறைமுகக் கதவு பூட்டியிருந்தது. கம்பிகளுக்கு அப்பால் லாரியில் மீன் பெட்டிகள் ஏறிக்கொண்டிருந்தன. ஆட்கள் படகின் மேல்தட்டில் வரிசையாக உட்கார வைக்கப்பட்டிருந்தார்கள்.

"முதல்ல மீன் இறங்கட்டும்மா," என்றான் காவல்காரன். "கெட்டுப்போயிடும்ல."

"ஒன்பது வருஷமா கெடாத மீனு இன்னும் ஒரு மணி நேரத்துல கெட்டுடுமா?"

அவன் லாரிப் பக்கம் திரும்பிக்கொண்டான். கதவைத் திறக்கவில்லை.

கடைசி லாரி போன பிறகு ஆட்களை விட்டார்கள். டிரைவரின் சட்டையில் எண்ணெய்க்கறை ஈரமாகவே இருந்தது. அவளைத் தாண்டி அவன் கூட்டத்தில் யாரையோ தேடினான்.

"என்னங்க..."

குரலைக் கேட்டுத்தான் திரும்பினான். அவளுடைய நரைத்த வகிட்டைப் பார்த்தான். அவளுக்குப் பின்னாலும் பக்கத்திலும் பார்த்துவிட்டுக் கேட்டான்.

"பாப்பாவ யார்கிட்ட விட்டுட்டு வந்த?"

அம்மாவின் முழங்கையைப் பிடித்துக்கொண்டிருந்த பெண், அம்மாவின் தோள் உயரம் இருந்தாள். "நான்தான் பாப்பா," என்றாள்.

மூன்றாம் நாள் கம்பெனியிலிருந்து ஆள் வந்து கூப்பிட்டான். இருவரும் போனார்கள். மானேஜர் எழுந்து நின்று வரவேற்றார். டீ வந்தது.

"உங்க மீனுக்கு அடிதடி," என்றார். "அந்த ரகம் இப்ப கடல்லயே கிடையாது. அதான் யோசிச்சோம். இனிமே ரெண்டு போட்டுல மீன ரொப்பி பனிக்குள்ள நிறுத்திடறது. ஐஸ் வேணாம், கரண்ட் வேணாம். எப்ப வெளிய வந்தாலும் இன்னைக்குப் புடிச்ச மீன்."

"மீன அனுப்புங்க. ஆள் எதுக்கு?" என்றான் டிரைவர்.

"பனி விலகினா யாரு ஓட்டிட்டு வர்றது? ஆளில்லாத போட்ட எவன் வேணா இழுத்துட்டுப் போயிடுவான். உங்களுக்கு இது டீ குடிக்கிற நேரம்தானே. அலுப்பே தெரியாது."

"எனக்கு?" என்று கேட்டாள் மனைவி.

மானேஜர் அவளை அப்போதுதான் கவனித்தார். "உங்களுக்கென்னம்மா? நீங்க கரையிலதானே இருக்கீங்க."

"இதே மேஜை முன்னால வந்து வந்து நின்னேன். சம்பளம் கேட்டா, ஆள் வேலை செய்யலன்னீங்க. உதவித்தொகை கேட்டா, ஆள் சாகலன்னீங்க. இவரோட அம்மா படுத்த படுக்கையாக் கெடந்து, புள்ளைய ஒரு தடவை பாத்துடணும்னு சொல்லிச் சொல்லியே போய்ச் சேர்ந்தாங்க. அதுவும் டீ குடிக்கிற நேரமா?"

"பனி தெரியுது, சுத்தி வர்றோம்னு வயர்லெஸ்ல சொன்னேன்," என்றான் டிரைவர். "சந்தை மூடிடும், நேரா விடுன்னு சொன்னது இந்த ஆபீஸ்தான்."

"அப்ப நான் இங்க இல்லையே," என்றார் மானேஜர்.

டிரைவர் டம்ளரைத் தள்ளி வைத்தான். "எனக்குப் பழைய வேலையக் குடுங்க. போயிட்டு அன்னன்னைக்குத் திரும்பற போட்டு."

"லைசென்ஸ் காலாவதியாயிடுச்சே. புதுசு எடுக்க நாற்பது வயசுக்குள்ள இருக்கணும். உங்களுக்கு நாற்பத்திரண்டு."

"முப்பத்திமூணு சார். மூஞ்சியப் பாருங்க."

"பொறந்த தேதிதான் பேசும்."

"அப்ப சர்வீஸ்ல அந்த ஒன்பது வருஷத்தையும் சேருங்க."

"அது எப்படி? போட்டுக் கடிகாரம் ஓடவே இல்லையே." மானேஜர் பனிப் படகுக்கான ஒப்பந்தத் தாளை நகர்த்தி, பேனாவை அதன் மேல் வைத்தார்.

டிரைவர் பேனாவைத் தொடாமல் எழுந்தான். பிறகு மனைவியிடம், "எந்திரி, போகலாம்," என்றான்.

டிரைவரோடு திரும்பி வந்த படகின் சமையல்காரர் கையெழுத்துப் போட்டார். அவர் மனைவி ஐந்தாவது வருஷமே வேறொருவரோடு வாழப் போயிருந்தாள். "எனக்குக் கரையில யாரு இருக்கா?" என்று கேட்டுவிட்டுப் போனார். டிரைவர் இடத்துக்கு, போன வருஷம் கல்யாணமான ஒருவன் கிடைத்தான்.

திங்கட்கிழமை கொட்டகையில் வேலை தலைக்கு மேல் இருந்தது. டிரைவர் கூலியாளாக ஐஸ் வண்டி தள்ளினான். அவன் மனைவி, பனிக்குள் போகிற படகில் ஏற்ற மூடி வைத்த பெட்டிகளில் சீட்டு ஒட்டினாள்.

"பிடித்த நாள்னு இருக்குல்ல, அங்க ஒண்ணும் எழுதாதீங்க," என்று மேஸ்திரி சொல்லிக்கொண்டே போனார். "திரும்பி வர்ற அன்னைக்கு அந்தத் தேதியப் போட்டுக்கலாம்."

புது டிரைவரின் மனைவி வாசலில் தயங்கி நின்றாள். ஆறு மாதக் கர்ப்பம் இருக்கும். இடுப்பில் ஒரு கையை ஊன்றியிருந்தாள்.

"அக்கா, எத்தனை நாளாகும்னு உங்ககிட்ட ஏதாவது சொன்னாங்களா?"

"எழுதி வாங்கு. எந்தத் தேதிக்குள்ளன்னு எழுதி வாங்காம அவர ஏத்தாத."

"நேத்தே கையெழுத்துப் போட்டுட்டாருக்கா."

துறையில் என்ஜின் கிளம்பும் சத்தம் கேட்டது. அந்தப் பெண் வயிற்றைப் பிடித்துக்கொண்டு வேகமாகத் திரும்பி நடந்தாள். அவளை முந்திக்கொண்டு பெட்டி வண்டிகள் போயின. ஒவ்வொரு பெட்டியிலும் கம்பெனியின் பெயர் சிவப்பில் இருந்தது. அதன் கீழே தேதிக்கான கட்டம் வெள்ளையாக இருந்தது.