முதுகெலும்பு எடுத்த வான்கோழி

வெள்ளத்தாய் அரிவாள்மணையைக் கழுவிக்கொண்டு வருவதற்குள் அவள் புருஷன் சோணைமுத்து வான்கோழியைக் குப்புறப் போட்டு வால் பக்கம் கத்திரிக்கோலை வைத்துவிட்டான். தகரம் வெட்டுகிறவரிடம் இரவல் வாங்கி வெந்நீரில் அலசி வைத்திருந்த பெரிய கத்திரிக்கோல். முதுகெலும்புக்கு இந்தப் பக்கம் ஒரு வெட்டு, அந்தப் பக்கம் ஒரு வெட்டு. கழுத்துவரை போய், எலும்பைத் தனியாக எடுத்து அவளிடம் நீட்டினான். பிறகு பறவையை மல்லாக்கத் திருப்பி, நெஞ்சின்மேல் இரண்டு உள்ளங்கையையும் வைத்து ஒரே அழுத்து. உள்ளே எலும்பு முறிந்தது. அவ்வளவு பெரிய வான்கோழி பாய் விரித்த மாதிரி பலகையில் படுத்துக்கொண்டது.

எலும்பைக் கையில் வைத்தபடி அவள் நின்றாள். லீவுக்கு வந்த நாட்களில் அடுப்படிப் பக்கம் தலைவைத்துப் படுக்காத மனிதன். பானையில் தண்ணீர் மோந்து குடிப்பதற்குக்கூட அவளைத்தான் கூப்பிடுவான். பட்டாளத்திலிருந்து பென்ஷனோடு வந்து நிரந்தரமாக ஸ்ரீவில்லிபுத்தூரில் உட்கார்ந்த பிறகும் அதே கதைதான். அந்தக் கைக்கு இந்த வேலை எங்கிருந்து வந்தது?

வான்கோழியைக் கொடுத்தனுப்பியது அவள் அண்ணன் கருத்தப்பாண்டி. ராஜபாளையம் ஸ்டேஷனில் ஏட்டு. இன்று ஞாயிற்றுக்கிழமை, மதியம் சாப்பிட வருவதாகச் சொல்லியிருந்தார். சாப்பாடு ஒரு சாக்கு. ஒரு மில்லில் பேசி, மாப்பிள்ளைக்கு வாசல் கேட்டில் துப்பாக்கியோடு நிற்கிற வேலைக்கு ஏற்பாடு செய்திருந்தார். சோணைமுத்துவோ இன்றைக்கு முதுகு வலி, நாளைக்கு யோசிக்கிறேன் என்று நழுவிக்கொண்டே இருந்தான். வீட்டோடு இருக்கிற வேலை கிடைத்தும் ஒருவன் ஏன் நழுவ வேண்டும்? திரும்ப வடக்கே போகிற யோசனை இருந்தால்தானே? வெள்ளத்தாய்க்கு அப்போதே ஒரு சந்தேகம் விழுந்தது. இப்போது இந்தக் கையைப் பார்த்ததும் சந்தேகத்துக்கு முகமும் சேலையும் வந்துவிட்டன. வடக்கே ஒருத்தி இருக்கிறாள். வெள்ளை வெளேரென்று இருப்பாள். அவள் வீட்டு அடுப்படியில்தான் இந்த மனிதன் உட்கார்ந்து பழகியிருக்கிறான்.

"நான் வெட்டிக் கொழம்பு வச்சிருப்பேன்ல?" என்றாள்.

"கொழம்புல போட்டா சக்கையா இருக்கும்டி. தட்டையா இருந்தாத்தான் தொடையும் நெஞ்சும் ஒண்ணா வேகும்."

சொல்லிக்கொண்டே விரலைத் தோலுக்கு அடியில் விட்டு, தோல் கிழியாமல் மெல்லப் பிரித்தான். வெண்ணெயில் பூண்டும் மிளகும் உப்பும் பிசைந்து உள்ளே தள்ளி, மேலிருந்து தடவிச் சமமாக்கினான். இறக்கை நுனிகளை மடக்கி முதுகுக்குப் பின்னால் செருகினான். அந்த விரல்கள் போகிற பக்குவத்தைப் பார்க்க அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கொல்லையில் மூன்று கல் கூட்டி, கண்ணுச்சாமி கடையிலிருந்து தூக்கி வந்த பரோட்டாக் கல்லை ஏற்றியிருந்தான். வான்கோழியை அதில் கிடத்தி, அண்டாவைக் கவிழ்த்து மூடி, அண்டாவின் அடிப்புறத்திலும் தணலை அள்ளிப் பரப்பினான். செத்த நேரத்தில் வெண்ணெய் உருகிய வாசம் தெரு முனைவரை போனது. அந்த வாசம் அவளுக்குப் பிடித்துத் தொலைத்தது. அதுதான் இன்னும் கோபம்.

"அவ பேரு என்ன?"

"யாரு பேரு?"

"இதச் சொல்லிக் குடுத்தவ பேரு."

சோணைமுத்து முதலில் சிரித்தான். அவள் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பை விழுங்கினான். தணலை ஒரு குச்சியால் கிளறினான்.

"ஒருத்தியும் கெடையாதுட்டி. நான் பட்டாளத்துல சமையக்காரன். ஆபீசருக மெஸ்ல."

அவளுக்கு ஒரு மூச்சு நிம்மதியாக வந்தது. அடுத்த மூச்சு வரவில்லை. பெண் பார்க்க வந்தபோது பார்டரில் பனியில் படுத்துக்கொண்டு சுட்டதாகச் சொல்லித்தான் அவளைக் கட்டினான். அண்ணன் அந்தக் கதையை டீக்கடை டீக்கடையாகச் சொல்லிப் பரப்பியிருந்தார். குழாயடியில் தண்ணீர் பிடிக்கும்போதுகூட அவளுக்கு முன்வரிசைதான், பட்டாளத்துக்காரர் பொண்டாட்டி என்பதால்.

"அப்ப துப்பாக்கி?"

"வருசத்துக்கு ஒருவாட்டி படுக்கப் போட்டுச் சுடச் சொல்லுவான். கண்ண மூடிக்கிட்டுச் சுடுவேன்."

அவன் முழங்கையில் இருந்த தழும்பை அவள் பார்த்தாள். குண்டுச் சிதறல் என்று சொல்லியிருந்தான். ஒவ்வொரு லீவுக்கும் அதில் விளக்கெண்ணெய் தடவி, மாரியாத்தாளுக்கு நேர்ந்துகொண்டு அழுதிருக்கிறாள்.

"அப்ப இது?"

"பூரிச் சட்டி" என்றான் தரையைப் பார்த்துக்கொண்டு.

வடக்கே ஒருத்தி இருந்திருந்தால் அவளைத் திட்டியாவது தீர்த்திருக்கலாம். பூரிச் சட்டியை என்ன சொல்லித் திட்டுவது? அழுத கண்ணீர் எல்லாம் வீணாய்ப் போன ஆத்திரத்தில் அவளுக்குக் காது அடைத்தது. வாயைத் திறப்பதற்குள் வாசலில் சைக்கிள் ஸ்டாண்டு போடுகிற சத்தம் கேட்டது.

கருத்தப்பாண்டி எந்த வீட்டுக்குள் நுழைந்தாலும் மூலை முடுக்கை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டுத்தான் உட்காருவார். தாம்பாளத்தில் பொன்னிறமாக வந்து இறங்கிய வான்கோழியையும் அப்படித்தான் பார்த்தார். தொடையைப் பிய்த்தார். மென்றார். கண் மட்டும் மாப்பிள்ளை மேலேயே இருந்தது.

"முதுகெலும்பக் காணமே?"

"கொழம்புல கெடக்குண்ணே" என்றாள்.

"இந்த மாதிரி ஒண்ண நான் பாத்திருக்கேன். மதுரைக்குப் பந்தோபஸ்து போனப்ப, மிலிட்டரி ஆபீசருக விருந்துல. ஒரு சமையக்காரன் இப்படித்தான் முழுசாத் தூக்கிட்டு வந்தான்." இன்னொரு வாய் மென்றார். "மாப்ள, யாரு செஞ்சது இது?"

சோணைமுத்துவின் கை இலையில் நின்றுவிட்டது. உண்மையைச் சொல்லிவிடப் போகிறவன் மாதிரி தொண்டையைச் செருமினான்.

"அவுகளுக்குச் சுடுதண்ணி வைக்கத் தெரியுமா?" என்றாள் வெள்ளத்தாய். "நான்தான் செஞ்சேன்."

அவனைக் காப்பாற்றவேண்டும் என்று நினைத்துச் சொல்லவில்லை. அந்த ஆளை நாறடிக்கிற உரிமை தனக்கு மட்டும்தான் உண்டு, அண்ணனுக்குக்கூடக் கிடையாது என்று தோன்றியது.

"ஒனக்கு யாரு சொல்லிக்குடுத்தா?"

"கிருபாபாய் டீச்சரு. அடுத்த தெரு. கிறிஸ்துமசுக்குச் செய்வாக."

கருத்தப்பாண்டி எலும்பை உறிஞ்சிவிட்டு இலையோரம் வைத்தார். நம்பினாரா இல்லையா என்று அவர் முகத்தில் எந்தக் காலத்திலும் தெரிந்ததில்லை.

"நல்லதாப் போச்சு. வாற ஞாயித்துக்கெழம நம்ம வீட்டுக்கு இன்ஸ்பெக்டர் சாப்பிட வாராரு. ராசபாளையத்துக்கு வந்து நீயே செஞ்சு குடு. நான் பக்கத்துலயே உக்காந்து பாக்கேன்." சோணைமுத்துவிடம் திரும்பினார். "மாப்ள, அன்னைக்கே வேலையப் பத்தியும் ஒரு முடிவச் சொல்லிருங்க."

சைக்கிள் தெரு திரும்பியதும் வெள்ளத்தாய் கொல்லைக்குப் போய்ப் பஞ்சாரத்திலிருந்து ஒரு கோழியைப் பிடித்தாள். முட்டையிடுகிற கோழி. அதைப் பற்றியெல்லாம் யோசிக்கிற மனநிலையில் அவள் இல்லை. அறுத்து, இறகு பிடுங்கி, மஞ்சள் தடவி, பலகையில் போட்டாள். அவன் மெதுவாக வந்து எதிரே குந்தினான்.

"ஏட்டி, அண்ணன்கிட்ட நானே சொல்லிருதேன்."

"மூடிக்கிட்டு எங்க வெட்டணும்னு சொல்லுங்க."

சொன்னான். முதலில் பயந்து பயந்து. வால் பக்கமிருந்து ஆரம்பி, எலும்பை ஒட்டியே போ, உள்ளே குத்திவிடாதே. பேசப் பேசக் குரல் ஏறியது. இத்தனை வருசக் குடித்தனத்தில் அவள் கேட்டிராத குரல். பனியைப் பற்றியும் துப்பாக்கியைப் பற்றியும் சொன்னபோதெல்லாம் அதில் இந்தச் சந்தோஷம் இருந்ததில்லை. அவள் ஆத்திரம் போகவில்லை. ஆனாலும் அந்தக் குரலை நிறுத்த மனம் வரவில்லை. பாதி எலும்புவரை வெட்டிவிட்டாள்.

"அம்புட்டுத்தான், அப்படியே போ. ஒனக்குச் சட்டுன்னு வந்துருச்சுட்டி. கர்னலம்மாவுக்கு இத நான் கையப் பிடிச்சுச் சொல்லிக்குடுத்தும்..."

நிறுத்தினான்.

"எந்தக் கர்னலம்மா?" என்றாள் வெள்ளத்தாய். அவள் கையில் கத்திரிக்கோல் பாதி திறந்தபடி இருந்தது.