பேய்க் கப்பலின் பெயர்ப் பட்டியல்

1

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதையைப் பயத்தில்தான் எழுத ஆரம்பித்தேன். தமிழில் டப்பிங் செய்த ஒரு கடற்கொள்ளையர் படம், மத்தியானக் காட்சி. மூழ்கிய கப்பலின் தலைவன், தாடியெல்லாம் சிப்பி ஒட்டிக்கிடக்க, ஓர் ஏட்டைத் திறந்து பெயர்களை வாசித்தான். வாசிக்கப்பட்டவன் எந்தக் கடலில் இருந்தாலும் மூழ்குவானாம். நான்காவது பெயர் என் தம்பியுடையது. அவன் கடல் பக்கமே போகாதவன். ஆனாலும் வெளியே வந்ததும் முதல் வேலையாக அவனுக்குப் போன் செய்தேன்.

2

அந்தப் பெயர்களை யார் எழுதியிருப்பார்கள்? ஒருத்தியைக் கற்பனை செய்து எழுத ஆரம்பித்தேன்.

அவளுக்குள் ஒரு கடல் புரண்டுகொண்டிருந்த...

(வேண்டாம். ஒரு கடலும் புரளவில்லை. மேசையில் டீ ஆறிக்கொண்டிருந்தது, அவ்வளவுதான்.)

அவள் டப்பிங் படங்களுக்கு வசனம் எழுதுபவள். சத்தத்தை நிறுத்திவிட்டு நடிகரின் உதட்டையே பார்ப்பாள். உதடு மூடும் இடத்தில் 'ப'வோ 'ம'வோ வரவேண்டும். பேய்த் தலைவனுக்கு ஒரு பெயரில் மூன்று முறை வாய் மூடியது. அவசரத்தில் 'பம்பரம்' என்று போட்டாள். கச்சிதமாகப் பொருந்தியது. ஓரிடத்தில் நிற்காத கணவனுக்கு அவளே வைத்த செல்லப்பெயர் அது.

கணவன் சரக்குக் கப்பலில் என்ஜின் பார்ப்பவன். தினமும் கூப்பிடுகிறவன், அவள் அதை எழுதிய நாளிலிருந்து நான்கு நாளாகக் கூப்பிடவில்லை.

[குறிப்பு: இந்த மாதிரிப் படங்களில் கடல் கதையை முதலில் கேலி செய்கிறவன் கால் மணி நேரம்கூட உயிரோடு இருப்பதில்லை. அந்தக் கேலி வசனங்களையும் இத்தனை நாளாக எழுதி வந்தவள் அவள்தான்.]

3

கப்பல் கம்பெனியில், "சிக்னல் இல்லாத இடம்மா" என்றார்கள். அவள் ஒலிப்பதிவாளரைக் கூப்பிட்டாள்.

"அண்ணே, அந்தப் பம்பரத்தை எடுத்துடுங்க."

"நேத்தே பேசி முடிச்சாச்சேம்மா. நல்லாத்தானே இருக்கு?"

"எடுத்துடுங்கண்ணே. உங்களுக்குப் புண்ணியமாப் போகும்."

அவர் அந்தக் காட்சியைத் திரும்ப எடுத்துப் போட்டார். "சரி, குரல் கொடுக்கறவர் இங்கதான் இருக்காரு. வேற பேரு சொல்லு. மூணு தடவ வாய் மூடணும், பாத்துக்கோ."

போன உயிர் திரும்பி வந்தது. பேனாவை எடுத்தாள். முதலில் மாடி வீட்டுக்காரர் பெயர் வந்தது. அவருக்கு இரண்டு பெண்கள். அடித்தாள். அடுத்து, கூடப் படித்தவன் ஒருவன். இப்போது எந்தத் தண்ணீருக்குப் பக்கத்தில் இருக்கிறானோ? அதையும் அடித்தாள். இல்லாத பெயராக ஒன்றை இட்டுக்கட்டலாம் என்றால், எந்த வீட்டில் யாரை அப்படிக் கொஞ்சிக் கூப்பிடுகிறார்களோ? பம்பரம் மட்டும் ஊரறிந்த பெயரா என்ன? தன் பெயரையே கொடுக்கப் பார்த்தாள். அதில் உதடு ஒருமுறைகூட மூடாது.

4

முடிவு ஒன்று: போன் அடிக்கிறது, கணவன் சிரிக்கிறான். (எழுதிப் பார்த்தேன். அவனுக்குப் பதில் யாரென்று நீங்கள் கேட்பீர்கள்.)

முடிவு இரண்டு: ஏதோ ஒரு பெயரைச் சொல்லிவிடுகிறாள். எங்கோ ஒரு வீட்டில் ஒருத்தி போனையே பார்த்துக்கொண்டு

(முடிக்கத் தைரியம் வரவில்லை.)

5

"மைக் முன்னாடி நிக்கிறாரும்மா. சொல்லு."

அவள் வாயைத் திறக்க மாட்டேன் என்கிறாள். எனக்கும் பயமாக இருக்கிறது. நீங்கள்தான் சொல்ல வேண்டும். மூன்று முறை வாய் மூடினால் போதும்.

இப்போது ஒரு முகம் நினைவுக்கு வந்ததே, அவர் வேண்டாம். வேறு யாராவது.