கறுப்புத் தலைப்பாகைக்காரன்

1

இக்கதை சினத்தில் பிறந்தது. மாட்டுங்கா வாசகசாலையில் சென்ற மாதம் ஒரு பழைய ஊமைப்படம் காட்டினார்கள். அந்நியன் ஒருவன் பின்தொடர, நாயகி தெருமுனைதோறும் மயங்கி விழுந்தாள். துப்பறிவாளர் வந்து தூக்கி நிறுத்தினார். பம்பாயில் தமிழ் கற்பித்தே நரைத்தவன் நான். அப்படி விழும் பெண்ணை இந்நகரில் ஒருநாளும் கண்டதில்லை.

2

1926, கிர்காவ். நடிகை தானுபாய் ஓர் அந்நியனால் பின்தொடரப்ப—

(அடித்துவிட்டேன். அவளை எழுவாயாக வைத்தே எழுதுவேன்.)

தானுபாய் பின்னால் காலடி ஓசையைக் கேட்டாள். தெருவில் எடுத்த படக்காட்சிகளைத் திரையிட்டபோது அவனைக் கண்டாள்: மங்கலான முகம், வெள்ளைக் கோட்டு, கறுப்புத் தலைப்பாகை. ஊரெங்கும் கறுப்புத் தலைப்பாகையைத் தேடினாள். தன் படக் கம்பெனியின் வாசற்காவலர் கன்பத்திடமும் சொல்லிவைத்தாள்.

"கண்ணுல படட்டும் தாயி, காலை ஒடிக்கிறேன்."

முதலாளியோ கனிவாகச் சொன்னார்: "பயமா இருந்தா கம்பெனி வளாகத்துலயே தங்கிக்கம்மா. ஒப்பந்தத்தை மட்டும் அஞ்சு வருஷம் நீட்டிடு."

ஒப்பந்தம் சனிக்கிழமையோடு முடிகிறது. பரேலில் வேறொரு கம்பெனி அவளைத் தலைமை வேடத்துக்கு அழைத்திருந்தது.

3

(இவ்விடத்தில் ஒரு துப்பறிவாளரை வரவழைத்தேன். உருப்பெருக்கிக் கண்ணாடியை எடுத்தார், உடனே அனுப்பிவிட்டேன்.)

அக்காட்சிகளை மறுபடியும் திரையிடச் சொன்னாள் தானுபாய். ஒளிப்பதிவாளர் வாமன்ராவ் அருகில் இருந்தார்.

"வாமன் தாதா, என் குங்குமத்தைப் பாத்தீங்களா?"

"கறுப்பா இருக்கு. எப்பவும் அப்படித்தானே தாயி? பிலிம்ல செவப்பு கறுப்பாத்தான் விழும், நீலம் வெள்ளையா விழும்."

"அப்போ அந்தத் தலப்பா?"

அவர் திரும்பி வாசலைப் பார்த்தார். சிவப்புத் தலைப்பாகை, நீலக் கோட்டு: தம் கம்பெனிக் காவலரின் சீருடை.

"இதுகூடத் தோணாத நாம படம் எடுக்கிறவங்கன்னு வெளியில சொல்லிடாதீங்க தாதா."

4

முடிவு (அ): முதலாளி கைதாகிறார். வேண்டாம்; அதற்கும் அவள் யாருக்காகவோ காத்திருக்க வேண்டும்.

முடிவு (ஆ): கன்பத் காலில் விழுந்து— வேண்டாம். முதலாளி தந்த கூலிக்கு நடந்தவர் அவர்.

அவள் வாசலுக்குப் போனாள்.

"கன்பத் மாமா, இன்னிக்குப் பரேல் வரைக்கும் நடக்கப் போறேன். ஒளிஞ்சு ஒளிஞ்சு வந்தா கால் வலிக்கும். பக்கத்துலயே வாங்க."

கன்பத் தலைப்பாகையைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். "முதலாளி கேப்பாரே தாயி."

"அவ வேற கம்பெனியில சேரப் போனான்னு சொல்லுங்க. கேக்கத்தானே உங்களை அனுப்பினாரு?"

நடந்தாள்.

பரேலில் கதவு திறந்ததா என்பதை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். அவள் அஞ்சலாம், தோற்கலாம், வழியில் அமர்ந்து தேநீரும் அருந்தலாம். திரும்பிப் பார்க்க மட்டும் வைக்காதீர்கள்.