வெந்நீர் அடுப்பின் மூன்றாவது கல்

1

இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு நாள் குளிக்க வெந்நீர் போட்டேன். சூடேறிய அடுப்புக் கல் 'டப்'பென்றது. பக்கத்தில் யாரோ ஏதோ சொன்ன மாதிரி இருக்கவே, "என்ன?" என்று கேட்டுவிட்டேன். கல்லிடம் கேள்வி கேட்ட வெட்கம் கொஞ்ச நேரத்தில் போய்விட்டது. கதை மட்டும் போகவில்லை.

முதல் வரியை இப்படி எழுதினேன்: திருவண்ணாமலையில் ஒரு கல் இருந்தது

(அடித்துவிட்டேன். அந்த ஊரில் கல்லுக்கா பஞ்சம்?)

அப்புறம் இப்படி: 1981ஆம் ஆண்டு சென்னையிலிருந்து வந்த கனிம ஆராய்ச்சியாளர் ஒருவர், ஒலியைச் சேமித்துத் திருப்பிச் சொல்லும்

(இவர் மூன்று பக்கம் பேசினார். யாரும் காதில் வாங்கவில்லை. பஸ் ஏற்றி அனுப்பிவிட்டேன். போகிற போக்கில் கல்லுக்கு 'ஒலிக்கல்' என்று பெயர் வைத்துவிட்டுப் போனார். பாடப்புத்தகத்தில் கோடிட்ட இடத்தை நிரப்பச் சொல்வார்களே, அதில் வருகிற பெயர் மாதிரி இருக்கிறது. கதையில் வரப்போகிற குசுமாவதி 'அந்தக் கல்லு' என்றுதான் சொல்கிறாள். எனக்கும் அது போதும்.)

2

குசுமாவதி ஒரு ஜைனக் குடும்பத்தின் மூத்த மருமகள். சுனந்தா அவளுடைய ஓரகத்தி, இளையவள். அண்ணன் தம்பிக்குப் பக்கத்துப் பக்கத்து வீடு, கொல்லை மட்டும் பொது. கொல்லையில் மூன்று கல் வைத்த வெந்நீர் அடுப்பு. இரண்டு வீட்டுக்கும் அது ஒன்றுதான். மூன்றில் ஒரு கல் கறுப்பு, காக்காப்பொன் மாதிரி மினுமினுக்கும். அடி அண்ணாமலையில் கிணறு வெட்டியபோது கிடைத்ததைக் குசுமாவதியின் கணவர் மாட்டு வண்டியில் போட்டுக்கொண்டு வந்தார்.

1975இல் ஒரு சாயங்காலம். பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டு முடிக்கிற வீடு அது. அந்த நேரத்தில் அங்கே யாருக்கும் நிதானம் இருக்காது. காய்ச்சல் விட்ட மகனைக் குளிப்பாட்டக் குசுமாவதி கொல்லைக்கு இழுத்து வந்தாள்.

"இன்னைக்குத் தலைக்கு ஊத்தாதீங்கக்கா. மறுபடி வந்துடப் போவுது," என்றாள் சுனந்தா.

"உனக்கு என்ன தெரியும்?" என்றாள் குசுமாவதி.

தகராறே இங்கேதான். 'புள்ள பெத்திருந்தாத் தெரியும்' என்றும் சேர்த்துச் சொன்னதாகச் சுனந்தா சொல்கிறாள். அவளுக்குக் குழந்தை இல்லை. அப்படிச் சொல்லவே இல்லை என்கிறாள் குசுமாவதி. கையிலிருந்த குடத்துத் தண்ணீரை அப்படியே அடுப்பில் கொட்டிவிட்டுச் சுனந்தா உள்ளே போனாள். மறுநாளிலிருந்து இரண்டு வீட்டிலும் மண்ணெண்ணெய் ஸ்டவ். பேச்சு நின்று ஆறு வருஷமாகிறது.

(சொன்னாளா, இல்லையா? எழுதுகிற எனக்காவது தெரிந்திருக்க வேண்டும். தெரியவில்லை. நான் குசுமாவதி பக்கத்தில் நின்று எழுதுகிறேன். அவளுக்கு நினைவிருப்பதுதான் எனக்கும். சில நாள் படுத்தால் அவளுக்கே சந்தேகம் வந்துவிடுகிறது, சொல்லியிருப்பேனோ என்று. எந்த உயிரும் நோகக் கூடாதென்று தண்ணீரைக்கூடத் துணியில் வடிகட்டிக் குடிப்பவள் அவள். வாயிலிருந்து அப்படி ஒன்று வந்திருந்தால், வடிகட்டியதெல்லாம் எதற்கு என்று இருக்கிறது அவளுக்கு.)

3

அடி அண்ணாமலையில் டீக்கடை வைத்திருக்கும் ஜோதியம்மாளால்தான் விஷயம் வெளியே வந்தது. அவள் கடை அடுப்பிலும் அதே கிணற்றுக் கல். மலையைச் சுற்ற வருகிற பவுர்ணமிக் கூட்டம் போன மறுநாள் காலை அடுப்பைப் பற்ற வைத்தால், ஆளே இல்லாத கடையில் "ரெண்டு டீ, சக்கரை கம்மி" என்று குரல் வருகிறது.

"மொதல்ல நானும் ரெண்டு டீ போட்டு வெச்சிட்டேங்க. ஆளக் காணோம்," என்றாள், பார்க்க வந்த குசுமாவதியிடம். "சூடா இருக்கும்போது கேக்கறத வாங்கிக்குது. ஆறிப்போனா, கடைசியாக் கேட்டது உள்ளயே நிக்குது. மறுபடி சூடு ஏறினா சொல்லுது. ஆனா அது சொல்லும்போது நாம வாயத் தொறந்தோம்னா பழசு போயிடும். நாம பேசினதுதான் நிக்கும்."

* இதை விஞ்ஞானம் ஏற்குமா என்று கேட்பவர்கள், பஸ் ஏறிப் போனவரைத் தேடிப் பிடித்துக் கேட்டுக்கொள்ளவும்.

ஊரெல்லாம் இதே பேச்சு. சுனந்தா காதுக்கு மட்டும் எட்டாமலா இருக்கும்? குசுமாவதி வீடு திரும்பும்போது பஸ்ஸில் ஒன்றையே நினைத்துக்கொண்டு வந்தாள். அந்தச் சாயங்காலத்துக்குப் பிறகு கொல்லை அடுப்பு எரியவே இல்லை.

4

ஒரு முடிவு எழுதிப் பார்த்தேன். கல் "உனக்கு என்ன தெரியும்?" என்பதோடு நிறுத்திக்கொண்டது. குசுமாவதி ஜெயித்தாள். ஜெயித்த கையோடு உள்ளே போய்த் தனியாக

(அடித்துவிட்டேன். யாரிடம் போய்ச் சொல்வாள்?)

இன்னொரு முடிவு. கல் அந்த மிச்சத்தையும் சொல்லிவிட்டது. குசுமாவதி ஓடிப்போய்ச் சுனந்தா வீட்டுக் கதவைத் தட்டி

(தட்டமாட்டாள். இவ்வளவு பழகிவிட்டேன், எனக்குத் தெரியும். வெட்கத்தில் இன்னும் ஆறு வருஷம் ஓட்டுவாள்.)

வேறு வழியில்லாமல் அடுப்பை அவளிடமே விட்டுவிட்டேன்.

5

சாப்பாடு முடிந்தும் வெளிச்சம் மிச்சமிருந்தது. குசுமாவதி விறகு அடுக்கிப் பற்ற வைத்தாள். புகை சுனந்தா வீட்டுப் பக்கம் போயிற்று. கறுப்புக் கல் சூடேற நேரமெடுத்தது. முதலில் குடம் இடிபடும் சத்தம். அப்புறம் ஒரு பையனின் சிணுங்கல். அவன் இப்போது மீசை அரும்பித் திரிகிறான்.

"இன்னைக்குத் தலைக்கு ஊத்தாதீங்கக்கா."

அக்கா. அந்தச் சொல்லைக் கேட்டு எத்தனை நாளாயிற்று. அது இத்தனை ஆசையாக இருக்கும் என்று குசுமாவதி நினைக்கவில்லை. அழுகை வந்தது. சத்தம் வராமல் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு நிமிர்ந்தாள். கொல்லை வாசற்படியில் சுனந்தா நின்றிருந்தாள். அவளும் பேசவில்லை. பேசினால் என்ன ஆகும் என்று அவளுக்கும் தெரிந்திருந்தது.

"உனக்கு என்ன தெரியும்?" என்றது கல், குசுமாவதியின் குரலில். பிறகு ஒரு மூச்சு இழுத்தது.

இப்போது ஒரு வார்த்தை பேசினால் மிச்சம் அழிந்துவிடும். அவள் நிரபராதி என்றால் அதற்கு இருக்கிற ஒரே சாட்சியும் போய்விடும். மாட்டிக்கொள்வோம் என்று பயந்து அழித்துவிட்டாள் என்றுகூடச் சுனந்தா நினைக்கலாம். பேசாமலிருந்தால் உண்மை வரும். அது வந்த பிறகும் சுனந்தா அந்தப் படியில் நிற்பாளா என்பது யாருக்குத் தெரியும்?

குசுமாவதி முந்தானையை எடுத்தாள்.

(பேனாவை இங்கே வைத்துவிடுகிறேன். இதுவரை மனதுக்குள்தான் படித்திருப்பீர்கள். அதெல்லாம் கல்லில் ஏறாது. உண்மை தெரிந்தே ஆக வேண்டும் என்றால் இங்கேயே நிறுத்திவிட்டு வாயை மூடிக்கொண்டு இருங்கள், கல் சொல்லி முடித்துவிடும். வேண்டாம் என்றால் அடுத்த வரியை மட்டும் கொஞ்சம் சத்தமாகப் படியுங்கள்.)

"வா, சுனந்தா."