ஒரே கதவு எண்

இன்னும் கொஞ்சம் நகர்ந்து என் பக்கமாக உட்காருங்கள், கண்ணுகளா. தன் பட்டறையை ஏலத்திலிருந்து மீட்கக் கோர்ட்டுப் படி ஏறினவளின் கதை சொல்கிறேன். நடுவில் யாரும் "உச்" கொட்டக் கூடாது.

எரிந்துபோன மோட்டார்களுக்குக் காயில் சுற்றித் தருகிறவள் அவள். காயிலக்கா என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். செம்புக் கம்பியைச் சுற்று பிசகாமல் சுற்றி, வார்னிஷில் முக்கி அவள் உலர்த்தினால், செத்த மோட்டாரும் எழுந்து உறுமும். கல்யாணம் காட்சி என்று எதுவும் இல்லை. தகரக் கூரைப் பட்டறைதான் அவளுக்குச் சோறு.

கூடப் பிறந்தது ஒரே தம்பி. அவன் அரசாங்கக் கடனில் லாரி வாங்கியபோது, பட்டறைப் பத்திரத்தை ஜாமீனாக வைத்தவள் இவள்தான். அம்மா போன பிறகு வீட்டின் நடுவே சுவர் எழுப்பினார்கள். ஆளுக்கொரு வாசல், ஆளுக்கொரு அடுப்பு. கதவு எண்ணையும் பிரித்துவிடலாம் என்று தம்பி சொன்னபோது மட்டும் தடுத்துவிட்டாள். "வேணாம்டா. நம்பரு ரெண்டானா நாமளும் ரெண்டாயிட்டோம்னு ஊரே சிரிக்கும்."

"கடனெல்லாம் அடைச்சாச்சுக்கா" என்று அவன் சொன்னதையும் நம்பினாள். ஒருநாள் காலையில் போய்ப் பார்த்தால், பட்டறைக் கதவில் ஏல அறிவிப்பு ஒட்டியிருந்தது.

வக்கீலம்மாவிடம் ஓடினாள். ஜாமீன் போட்டவருக்கு முதலில் நோட்டீஸ் கொடுத்து, முப்பது நாள் தவணை தராமல் சொத்தை ஏலம் விடக் கூடாது என்பது விதி. அவளுக்கோ துண்டுக் காகிதம்கூட வரவில்லை. அதைச் சொல்லி வழக்குப் போட்டார்கள்.

விசாரணை அன்று கடன் வசூல் அலுவலகத்து வக்கீல் ஒரு ரசீதை நீட்டினார். நோட்டீசைப் பெற்றுக்கொண்டதாகத் தம்பியின் கையெழுத்து. "ஒரே வீடு, ஒரே கதவு எண். அதே குடும்பத்துல வயசு வந்தவங்க யாரு வாங்கினாலும் செல்லும்" என்றார். சாட்சி சொல்லத் தம்பியே வந்திருந்தான். பட்டறை ஏலம் போனால் லாரியைத் தொட மாட்டோம் என்று அந்த அலுவலகத்து ஆட்கள் யாரோ அவன் காதில் போட்டிருந்தார்களாம்.

"நாங்க ஒரே குடும்பம்ங்க" என்றான், அக்கா முகத்தைப் பார்க்காமல். "நோட்டீசை அன்னைக்கே அக்கா கையில குடுத்துட்டேன்."

வக்கீலம்மா எழுந்தார். "எங்க வெச்சுக் குடுத்தீங்க?"

"அக்கா வீட்டுச் சமையல்கட்டுல."

"அப்ப அவங்க என்ன பண்ணிட்டிருந்தாங்க?"

"சமைச்சிட்டிருந்துச்சு. எனக்கு டீகூடப் போட்டுக் குடுத்துச்சு."

"சர்க்கரை சரியா இருந்துச்சா?"

கோர்ட்டில் சிரிப்பு எழுந்தது. வக்கீலம்மா ஒரு காகிதத்தை நீதிபதியிடம் கொடுத்தார். வயிற்றில் கட்டி எடுத்து, காயிலக்கா பதினோரு நாள் கிடந்த ஆஸ்பத்திரியின் சீட்டு. நோட்டீஸ் வந்தது ஏழாவது நாள்.

"உங்க அக்கா அப்ப ஆஸ்பத்திரியில இருந்தது உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?"

தம்பி முதல்முறையாக அக்காவைத் திரும்பிப் பார்த்தான். "தெரியாதுங்க."

அந்த ஒரு சொல், கண்ணுகளா! லோடு ஏற்றித் தூரதேசம் போயிருப்பான், அதனால்தான் பார்க்க வரவில்லை என்று பதினோரு நாளும் தனக்குத் தானே சமாதானம் சொல்லிக்கொண்டு கிடந்தவள் அவள். அவன் சொன்ன பொய்யையாவது மன்னித்திருப்பாள். சுவருக்கு அந்தப் பக்கம் இருந்துகொண்டு, இந்தப் பக்கம் விளக்கே எரியாததைக்கூட அவன் கவனிக்கவில்லையே!

நீதிபதி அவளைப் பார்த்தார். "நீங்களே சொல்லுங்கம்மா. இவர் உங்க குடும்பத்து ஆளா?"

ஆமாம் என்றால் பட்டறை போய்விடும். ஆனால் அவள் பட்டறையை நினைக்கவேயில்லை.

"ஒரு வயித்துல பொறந்தோம்ங்க. ஆனா இல்லீங்க. என் குடும்பத்துல நான் ஒருத்திதான்."

கதவு எண் ஒன்றானாலும் குடும்பம் ஒன்றில்லை, தம்பி வாங்கிய நோட்டீஸ் செல்லாது என்று ஏலம் ரத்தானது. புதிதாக நோட்டீஸ் கொடுத்து, அவள் பக்கத்து நியாயத்தையும் கேட்ட பிறகே அலுவலகம் மேலே எதுவும் செய்யலாம் என்று உத்தரவானது. "ஜெயிச்சுட்டோம்!" என்று வக்கீலம்மா அவள் கையைப் பிடித்துக் குலுக்கினார். இவள் தலையை மட்டும் ஆட்டினாள்.

வராந்தாவில் தம்பி பின்னாலேயே வந்தான். "வயித்துல என்ன கட்டி, அக்கா? இப்ப உடம்பு தேவலையா?"

"அதைக் கேக்க உனக்கு ஒரு கோர்ட்டு வேண்டியிருந்துச்சு பாரு" என்றாள். கண்ணைத் துடைக்காமலே படியிறங்கிப் போனாள்.

அவ்வளவுதான், தங்கங்களா. உங்கள் வீட்டில் ஒருத்தர் படுத்தால் மற்றவருக்குத் தூக்கம் பிடிக்காமல் இருக்கட்டும். அடுப்பு அணையாமல், கூரை அடுத்தவன் கைக்குப் போகாமல், கூடப் பிறந்ததுகள் கூடவே நிற்க, நீங்கள் நூறு வருஷம் நன்றாக இருங்கள்.