தியெமொகோ ஜாராவின் குழி

தியெமொகோ ஜாராவின் உடல் எல்லைக்கு அப்பாலுள்ள தக்காரிலிருந்து எங்கள் ஆற்றங்கரை ஊரான சேகூவுக்கு வந்து சேர்ந்தது ஒரு புதன்கிழமை காலை எட்டு மணிக்கு. பத்து மணிக்குள் மண்மூட வேண்டும், பத்துப் பேருக்கு மேல் கூடக் கூடாது என்பது நாட்டை ஆளும் கர்னல்களின் உத்தரவு. ஆற்றில் ஆள் ஏற்றும் படகுகளையும் நிறுத்திவிட்டார்கள். அக்கரையில் அவருடைய அண்ணன் மொலோபலி இருந்தார்.

அண்ணன் வராமல் புதைக்கக் கூடாது என்பது ஊருக்கே தெரியும். எங்களில் ஒருவரைக் குழியில் இறக்குமுன், அவர்மேல் மனத்தாங்கல் உள்ளவர் யாரென்று இமாம் கேட்பார். இல்லையென்றோ, விட்டுவிட்டேன் என்றோ சொன்னபிறகுதான் இறக்குவது. தியெமொகோவுக்கு அப்படி விட வேண்டியவர் ஒரே ஒருவர்தான்.

முப்பத்து நான்கு வயதில் கல்வி மந்திரி ஆனவர் அவர். மணல் அள்ளுகிற எங்களுக்கு அவர் திறந்த மாலைப் பள்ளியில், நாற்பது வயதில், என் பெயரை எழுதக் கற்றேன். அடுத்த ஆண்டே ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. வீட்டுக்குப் படை வந்தபோது அவர் பருத்தி லாரியில் எல்லை தாண்டியிருந்தார். அகப்பட்டது அண்ணன். வடக்கே பாலைவனச் சிறையில் நான்கு வருடம். ஆட்சி மாறியதும் தியெமொகோ மந்திரியாகத் திரும்பினார், பிறகு பிரதமராகவும் ஆனார். அவர் திரும்பி வந்து ஊரெல்லாம் மேளம் கொட்டிய அன்று மொலோபலி வெளியே வரவில்லை. மறுவாரமே அக்கரைக்குக் குடிபோய்விட்டார். அப்புறம் இந்தக் கர்னல்கள் வந்தார்கள். தியெமொகோ மறுபடி எல்லை தாண்டினார். தக்காரில் ஒரு தையற்கடைக்கு மேல் அறை, பதினோரு வருடம், பிறகு சாவு.

கர்னல்கள் ஒரு தப்புச் செய்தார்கள். ஒரு ஜாராவைப் புதைக்க இன்னொரு ஜாராவையே காப்டனாக அனுப்பினார்கள். சொந்தக் குலத்தான் சொன்னால் ஊர் அடங்கும் என்று நினைத்திருப்பார்கள். ஆனால் ஜாராக்களுக்குத் திராவோரேக்களாகிய நாங்கள் கேலிமுறைக்காரர்கள். நான் அடிமை என்றாலும் பயறுதின்னி என்றாலும் ஒரு ஜாரா கோபப்படக் கூடாது. என்மேல் கை வைத்தால் அவனைப் பெற்றவளே அவனோடு பேசமாட்டாள். ஜாரா செத்தால் நாங்கள் குழிக்குள் இறங்கி உட்கார்ந்துகொள்வோம், கேட்டதைக் கொடுத்தால்தான் எழுவோம். வழக்கமாக, மரியாதைக்கு மெல்லக் கொடுக்கிற கோலாக் கொட்டை நான்கோடு முடிந்துவிடும்.

மணல் படகை யாரும் தடுப்பதில்லை. மொலோபலியை அழைத்துவரக் கூட்டாளி கசீமை மணல் படகோடு அக்கரைக்கு அனுப்பிவிட்டு, நானே வெட்டிய குழிக்குள் இறங்கி உட்கார்ந்தேன்.

எழுந்து வரும்படி காப்டன் மரியாதையாகத்தான் கேட்டார். முப்பது வயதுகூட இருக்காது.

"பூட்ஸ் போட்ட பயறுதின்னி, யாருடா நீ? என் அடிமை செத்துக் கிடக்கான். எனக்குச் சேர வேண்டியது வராம எப்படி எழுந்திரிக்கிறது?"

சிப்பாய்கள் சிரிப்பை மறைக்க முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். காப்டன் சட்டைப்பையிலிருந்து கோலாக் கொட்டைகளை எடுத்தார். தெரிந்துதான் வந்திருக்கிறார். ஒன்றைக் கடித்துப் புழு என்று துப்பினேன். முழு ஆட்டை வாட்டிக் கொண்டுவரச் சொன்னேன். அது இல்லையென்றால் அவருடைய பூட்ஸைக் கேட்டேன். மணி பத்தானது.

அவர் விளிம்பில் குந்தி, குரலைத் தாழ்த்தினார். "திராவோரே அப்பா, மேலேருந்து போன் வந்துக்கிட்டே இருக்கு. என் வேலை போயிடும்."

"வேலை போறது ஜாராக்களுக்குப் புதுசா? இவனுக்கு ரெண்டு தடவை போச்சு. இவன் அண்ணன் வர்ற வரைக்கும் பொறு, மகனே."

போன் அடித்தது. எடுத்து, "குழிக்குள்ள ஒரு திராவோரே உட்கார்ந்திருக்கார், கர்னல் அய்யா" என்றார். அந்தப் பக்கம் போனை வைத்துவிட்டார்கள். காப்டன் போனைப் பைக்குள் போட்டுவிட்டு, பூட்ஸைக் கழற்றி வைத்து, குழிக்குள் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்தார்.

பத்தே முக்காலுக்கு மொலோபலி வந்தார். அங்கி முழங்கால்வரை நனைந்திருந்தது. யாரையும் பார்க்காமல் முகத்துணியை விலக்கச் சொன்னார்.

"இவனுக்கு எப்ப இவ்வளவு வயசாச்சு?" என்றார்.

இமாம் கேட்க வேண்டியதைக் கேட்டார்.

"எனக்கு இருக்கு" என்றார் மொலோபலி. "இவன் ஓடினதுக்கு இல்ல. துப்பாக்கியோட வந்தா யாரும் ஓடத்தான் செய்வான். மந்திரியாத் திரும்பி வந்தப்ப, என் வீட்டு வாசல்ல அரை மணி நேரம் காரை நிறுத்தி உள்ளேயே உட்கார்ந்திருந்தான். நான் கதவுக்குப் பின்னால நின்னுக்கிட்டே இருந்தேன். இறங்கி வந்து ஒரு தட்டு தட்டியிருந்தா திறந்திருப்பேன்."

விட்டுவிட்டீர்களா என்று இமாம் கேட்டார்.

"முழுசா விட்டுட்டேன்னு சொன்னா பொய். இறக்குற அளவுக்கு விட்டுட்டேன்."

அது போதும் என்றார் இமாம். நான் எழுந்தேன். வெளியே வரவில்லை. உடலை வாங்கக் கீழே ஆள் வேண்டுமே. தலைப்பக்கம் நின்று இரண்டு கையையும் நீட்டினேன். தோள்பக்கம் மொலோபலியும் கால்பக்கம் காப்டனும் பிடித்து, மெல்ல என்னிடம் இறக்கினார்கள்.