என் முகத்தைப் போடு

படம் திரைக்கு வர இன்னும் ஒரு மணி நேரம்தான். இயக்குநர் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஆஸ்பத்திரித் துப்புரவுப் பெண்கள் வெறுங்கையால் ஊசிக் குப்பை அள்ளுவதைப் பற்றிய ஆவணப்படம். கேமரா முன்னால் வாயைத் திறந்தது ஒருத்திதான். எல்லோருக்கும் அவள் பெரியக்கா.

படத்தில் வருகிறவர்கள் முதலில் பார்த்துத் தலையாட்ட வேண்டும், அப்புறம்தான் ஊர் பார்க்கும். இயக்குநரின் விடாப்பிடியான வழக்கம் அது. அதனால்தான் பெரியக்கா இப்போது எடிட்டிங் அறையில், புதுத் துணியும் பூசிய பவுடருமாக உட்கார்ந்திருந்தாள்.

திரையில் அவள் குரல் வந்தது. முகம் இருந்த இடத்தில் புகைமூட்டம்.

பெரியக்கா பையிலிருந்து துணியை எடுத்துத் திரையை அழுத்தித் துடைத்தாள். தொழில் விடுமா?

"அழுக்கு இல்லக்கா," என்றான் எடிட்டர், இயக்குநரின் தம்பி. "எங்கக்கா பண்ண வேலை."

இயக்குநர் மென்று முழுங்கிச் சொன்னாள். துப்புரவுக்கு ஆள் வைக்கும் காண்டிராக்டர் படம் பார்க்க வருகிறானாம். நேற்றுத்தான் காதுக்கு வந்தது. முகம் தெரிந்தால் நாளைக்கே சீட்டுக் கிழிந்துவிடும்.

"டிவில திருடனுக்குத்தாம்மா இப்படி மூடுவாங்க. நான் என்னத்தத் திருடினேன்?"

"வேலை போயிட்டா என்னக்கா பண்ணுவீங்க?"

"அது என் கவலை. மூடுறதுக்கு முன்னாடி என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டியா நீ?"

இயக்குநருக்குச் சுருக்கென்றது. கேட்கவில்லை. தன் வழக்கத்தைத் தானே மீறியிருந்தாள்.

"எடுத்துடுடா," என்றாள் தம்பியிடம்.

மூடச் சொன்னதும் இவள், திறக்கச் சொல்வதும் இவள் என்று முணுமுணுத்தபடியே அவன் விரல்கள் பறந்தன. புதுப் பிரதி தயாராகும் கோடு கம்ப்யூட்டரில் எறும்பாக ஊர்ந்தது. கடைசி விளக்கு அணையும்போதுதான் மூவரும் அரங்குக்குள் பாய்ந்தார்கள்.

படம் முடிந்தது. காண்டிராக்டர் எழுந்தான். அவளைத் தெரியாதவன் போல, எந்த நடிகையைக் கூட்டிவந்து அழவைத்தீர்கள் என்று நக்கலாகக் கேட்டான்.

மூன்றாவது வரிசையில் ஒரு கை உயர்ந்தது. சற்றுமுன் திரையில் பார்த்த அதே கை, அதே ஊசித் தழும்பு. பின்னாலேயே அதே முகமும் எழுந்தது.

"நான் எங்க அழுதேன்? சரியாப் பாருங்க சார்."

அரங்கம் கைதட்டித் தீர்த்தது. காண்டிராக்டர் உட்கார இடம் தேடினான், நாற்காலி பின்னாலேயே இருந்தும். முன்வரிசையிலிருந்த ஆஸ்பத்திரித் தலைமை டாக்டர் எழுந்தார். நாளை முதல் கையுறை இல்லாமல் யாரும் குப்பை தொடக்கூடாது என்றார். இந்த அம்மா வேலையில் கை வைத்தால் அவன் காண்டிராக்ட் போய்விடும் என்றும் சொன்னார்.

மறுநாள் இயக்குநரின் போனுக்கு ஒரு போட்டோ வந்தது. பெரியக்கா உறை மாட்டிய இரண்டு கையையும் தூக்கிக் காட்டியிருந்தாள். உறை மங்கலாக இருந்தது. முகம் பளிச்சென்று விழுந்திருந்தது.

இயக்குநர் அதைப் பெரிதாக அச்சடித்து எடிட்டிங் அறைச் சுவரில் ஒட்டினாள். இந்த முறை முதலில் கேட்டுவிட்டுத்தான்.